எக்கார்ட் குடித்திருக்கவில்லை

திரு. குகநேசன், நீங்கள் பொய் எழுதியிருக்கிறீர்கள். தெரியாமல் எழுதியிருந்தால் தவறு என்று சொல்லி விட்டிருப்பேன். நீங்கள் தெரிந்துகொண்டே எழுதினீர்கள். அதனால் அது பொய்.

சென்ற மாதம் இதே இதழில், ஜெர்மன் சினிமா பற்றிய சிறப்புப் பகுதியில், எக்கார்ட் லினமன் என்ற நடிகரைப் பற்றி இரண்டு பக்கம் எழுதியிருந்தீர்கள். மூன்று படங்களில் நடித்தார், மூன்றாவது படத்தின்போது குடித்துவிட்டு வந்து இயக்குநரோடு சண்டை பிடித்தார், பாதியில் ஓடிப்போனார், தன் வாழ்க்கையைத் தானே அழித்துக்கொண்டார் என்று எழுதினீர்கள். கடைசிப் பந்தியில், அவர் பிறகு கனடாவுக்கு வந்து ஒஷாவாவில் கார்த் தொழிற்சாலையில் இருபது வருடம் கார்களுக்குக் கதவு பூட்டினார் என்றும் எழுதினீர்கள்.

அந்தக் கடைசிப் பந்தி உங்களுக்கு எங்கிருந்து கிடைத்தது? எந்தப் புத்தகத்திலும் அது இல்லை. அதைச் சொன்னது நான். ஸ்காபரோவில் என் வீட்டுச் சாப்பாட்டு மேசையில் இருந்து, நான் பொரித்த ரோல்ஸைச் சாப்பிட்டுக்கொண்டே அதை எழுதி எடுத்தீர்கள். அதே மேசையில், அதே அரைமணி நேரத்தில், அவர் ஏன் போனார் என்பதையும் சொன்னேன். பெட்டி இலக்கமும் தந்தேன். பாதியை எடுத்துக்கொண்டு பாதியை விட்டுவிட்டீர்கள்.

வாசகர்களுக்கு நான் யார் என்று சொல்லவேண்டும். என் பெயர் றெஜினா. ரொறன்ரோவில் ஒரு திரைப்பட நூலகத்தின் நிலக்கீழ் மாடியில் இருபத்தாறு வருடம் பிலிம் சோதிக்கும் வேலை செய்து ஓய்வுபெற்றவள். எனக்குக் கட்டுரை எழுதிப் பழக்கமில்லை. அந்த இருபத்தாறு வருடமும் நான் எழுதியதெல்லாம் படிவம்தான். அதனால் இதையும் அப்படியே எழுதுகிறேன். நான் கண்டது, நான் கேட்டது. அலங்காரம் எதுவும் தெரியாது.

இந்த நாட்டுக்கு வந்தபோது சென் ஜேம்ஸ் ரவுணில் ஓர் அறைக் குடியிருப்பில் ஏழு பேர் இருந்தோம். எனக்குக் கிடைத்த முதல் வேலை அந்த நூலகக் கட்டடத்தைத் துப்புரவு செய்வது. ஒருநாள் வக்கூம் மெஷினின் நீள வயரைச் சுற்றி வைத்துக்கொண்டிருந்தேன். மெலிந்த, உயரமான வெள்ளைக்காரப் பெண் ஒருவர் நின்று பார்த்தார்.

“இப்படிச் சுற்ற யார் சொல்லித் தந்தது?” என்று ஆங்கிலத்தில் கேட்டார்.

“ஒருவரும் இல்லை. சிக்கினால் எனக்குத்தான் நேரம் போகும்” என்றேன்.

அடுத்த கிழமை என்னைக் கீழே வரச் சொன்னார். அவர்தான் மிஸ் கோல்டர். பிலிம் சோதிக்கும் பிரிவுக்கு அவர்தான் பொறுப்பு. அங்கே வேலை செய்த பெண் பிள்ளைப்பேற்று விடுமுறையில் போயிருந்தாள். அவள் திரும்பி வரவில்லை. நான் திரும்பிப் போகவில்லை.

வேலை இதுதான். மேசையின் இரண்டு பக்கமும் கைப்பிடி வைத்த சக்கரம். நடுவில் வெளிச்சப் பெட்டி. இடப்பக்கச் சக்கரத்தில் இருக்கும் பிலிமை வலப்பக்கச் சக்கரத்துக்கு மெதுவாகச் சுற்றவேண்டும். கையில் வெள்ளைப் பருத்திக் கையுறை. பெருவிரலுக்கும் சுட்டுவிரலுக்கும் இடையில் பிலிமின் விளிம்பு ஓடும். துளை கிழிந்திருந்தாலும், ஒட்டு விட்டிருந்தாலும் கண்ணுக்கு முதல் விரலுக்குத் தெரியும். ஒவ்வொரு ஒட்டையும் எண்ணவேண்டும். எந்த அடியில் எத்தனை கீறல், எந்தப் பக்கம், எவ்வளவு நீளம் என்று எழுதவேண்டும். பெட்டியைத் திறந்ததும் மணக்கவேண்டும். வினாகிரியின் புளித்த மணம் வந்தால் அந்தப் பிலிம் சாகத் தொடங்கிவிட்டது என்று அர்த்தம், அதை மற்றவற்றோடு வைக்கக்கூடாது. கடைசியில் நீளத்தை அளந்து, படிவத்தில் என் முதலெழுத்தைப் போட்டு, பெட்டியை மூடவேண்டும். கதை பார்ப்பது வேலை இல்லை. ஒருநாளைக்குப் பன்னிரண்டு சுருள் என் கையால் போகும். எத்தனையோ படங்கள் என் கையால் போயின. அவற்றில் பாதிக்கு என்ன கதை என்று எனக்கு இன்றும் தெரியாது.

மிஸ் கோல்டர் காலையில் வணக்கம் சொல்லமாட்டார். முதலில் கையுறையைப் பார்ப்பார். சுத்தமாக இருந்தால் அப்பால் போவார். அதுதான் வணக்கம். யாரையும் பாராட்டி நான் கேட்டதில்லை. கத்தியும் கேட்டதில்லை. ஒரு சிவப்புப் பென்சில் வைத்திருப்பார். என் முதல் படிவத்தில் ‘மோசமான பிரதி’ என்று எழுதியிருந்தேன். அவர் அதைச் சிவப்பால் வட்டமிட்டு மேசைக்குக் கொண்டுவந்தார்.

“மோசம் என்பது உன் அபிப்பிராயம். உன் அபிப்பிராயத்துக்கு இங்கே சம்பளம் இல்லை. நீ கண்டது என்ன?”

“கீறல்கள்.”

“எத்தனை?”

திரும்பவும் இரண்டாயிரம் அடியைச் சுற்றினேன். நாற்பத்தொரு கீறல். அதை எழுதினேன். அவர் படிவத்தை வாங்கிக்கொண்டு போனார். அன்றிலிருந்து நான் எண்ணத் தொடங்கினேன். என் பிள்ளைகளைக் கேட்டால் இன்றும் சொல்வார்கள், அம்மா எதையும் எண்ணாமல் விடமாட்டாள் என்று.

இன்னொரு விதி இருந்தது. சுருளின் முன்னாலோ பின்னாலோ படத்துக்குச் சேராத துண்டு ஏதும் ஒட்டியிருந்தால் அதை வெட்டவேண்டும். எறியக்கூடாது. ஒரு காகித உறையில் போட்டு அதே பெட்டிக்குள் வைக்கவேண்டும். படிவத்தில் ‘படத்துக்குச் சேராதது, இத்தனை அடி’ என்று எழுதவேண்டும். துண்டில் என்ன இருக்கிறது என்று எழுதப் படிவத்தில் இடமில்லை. நானும் எழுதியதில்லை.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன்.

ரொறன்ரோவில் இருந்த ஜெர்மன்காரரின் சங்கம் ஒன்று மூடப்பட்டபோது அவர்களிடம் இருந்த பிலிம் பெட்டிகள் எங்களிடம் வந்தன. அதில் ஒரு படத்துக்கு ஆறு சுருள். நீங்கள் குறிப்பிட்ட மூன்றாவது படம், பனி உறைந்த ஏரியில் முடியும் கதை. இயக்குநர் மிகப் பெரிய ஆள், இப்போது உயிரோடு இல்லை. ஐந்தாம் சுருள் மற்றவற்றைப் போல இல்லை. தியேட்டரில் ஓடிய பிரதி அல்ல அது. எடிற்றிங் அறையில் வைத்து வெட்டி ஒட்டிப் பார்க்கும் பிரதி. சத்தம் இல்லை, சில அடிக்கு ஒருதரம் ஒட்டுநாடாவால் ஒட்டிய இடம். அசல் சுருள் தொலைந்துபோக, யாரோ இதைப் போட்டு எண்ணிக்கையைச் சரிக்கட்டியிருக்கவேண்டும். அதன் வால்பக்கத்தில் நாற்பது அடி மிச்சமாகத் தொங்கியது. வெளிச்சப் பெட்டியில் பார்த்தேன். கிளாப் பலகையில் சோக்குக்கட்டியால் ஏழு என்று எழுதியிருந்தது. ஈரத் தலையோடு ஒரு பெண்பிள்ளை. ஓர் ஆண். ஒரு கோட்டு.

படத்துக்குச் சேராதது. வெட்டினேன். உறையில் போட்டேன். ‘நாற்பது அடி’ என்று எழுதி என் முதலெழுத்தைப் போட்டேன். அடுத்த பெட்டியைத் திறந்தேன்.

எட்டு வருடத்துக்குப் பிறகு ஒரு செவ்வாய்க்கிழமை, மேலே வரவேற்பில் இருந்த பையன் தொலைபேசியில் கூப்பிட்டான். ஒருவர் வந்து தன் படத்தைப் பார்க்கவேண்டும் என்கிறார், எந்தப் பட்டியலிலும் பெயர் இல்லை, கீழே அனுப்பட்டுமா என்று கேட்டான். வந்தவர் பெரிய உடம்பு. தொழிற்சாலை ஜக்கெற். கையில் மதியச் சாப்பாட்டுப் பெட்டி. ஒஷாவாவிலிருந்து ரயிலில் வந்திருந்தார். அந்த இயக்குநரின் படங்களை எங்கள் அரங்கில் காட்டப்போவதாகப் பத்திரிகையில் பார்த்தாராம்.

“ஏரிப் படம். அதில் நான் இருக்கிறேன்” என்றார். “டிக்கெற் வாங்கிப் பார்க்கலாம். ஆனால் மனுசர்களுக்கு நடுவில் இருந்து பார்க்க எனக்கு விருப்பம் இல்லை.”

நாங்கள் வெளியாட்களுக்குப் போட்டுக் காட்டுவதில்லை. மிஸ் கோல்டர் அவருடைய முகத்தைப் பார்த்தார். பிறகு அந்தப் படத்தின் பழைய விளம்பரப் புகைப்படம் ஒன்றை எடுத்து ஒப்பிட்டார். முப்பது வருடம் இடையில் இருந்தாலும் காது மாறாது.

“இவர் வெளியாள் இல்லை. பெட்டிக்குள் இருப்பவர்” என்றார். “றெஜினா, மேசையில் போடு.”

மேசையில் வைத்துப் பார்க்கும் இயந்திரத்தில் போட்டேன். சின்னத் திரை. அவர் சாப்பாட்டுப் பெட்டியை மடியில் வைத்தபடி பார்த்தார். நடுவில் ஒரேயொரு முறை சிரித்தார். தன் தலைமயிரைப் பார்த்து. ஐந்தாம் சுருள் முடிந்தது.

“அவ்வளவுதானா?” என்று கேட்டார்.

“ஆறாவது இருக்கிறது.”

“இல்லை. இதற்குப் பிறகு கோட்டு வரும். கோட்டைக் கழற்றினேன். அதை வைத்திருக்கமாட்டார்கள்தான். வைத்திருப்பார்கள் என்று ஏன் நினைத்தேனோ.”

கோட்டு என்றதும் எட்டு வருடத்துக்கு முன் வெட்டிய துண்டு நினைவுக்கு வந்தது. பெட்டியைத் திரும்பத் திறந்தேன். உறை அப்படியே இருந்தது. என் எழுத்து. நாற்பது அடி.

அதை ஓட்டினால் இருபத்தேழு வினாடி. நான் அதை எத்தனை முறை பார்த்தேன் என்று எண்ணவில்லை. என்ன இருக்கிறது என்று மட்டும் எழுதுகிறேன். கிளாப் பலகை வருகிறது, ஏழு. பலகை விலகுகிறது. பனிக்கட்டியில் வெட்டிய ஓட்டையின் கரையில் பதினேழு வயதுப் பெண்பிள்ளை நனைந்த சட்டையோடு இருக்கிறாள். கைகளை மடக்கப் பார்க்கிறாள், விரல்கள் மடங்கவில்லை. எக்கார்ட் அவளைப் பார்க்கிறார். கமெராவுக்குப் பின்னால் இருக்கும் யாரையோ பார்க்கிறார். தலையை இல்லை என்று ஆட்டுகிறார். ஒரு தரம். பிறகு இன்னொரு தரம். கோட்டைக் கழற்றுகிறார். அவளைச் சுற்றிக் கட்டுகிறார். தூக்குகிறார். கரையை நோக்கி நடக்கிறார். பதினாறு அடி எடுத்து வைக்கிறார். வழுக்கும் பனிக்கட்டியில், கையில் ஒரு பாரத்தோடு, ஓர் அடிகூடத் தடுமாறவில்லை. ஒருவர் ஓடிவந்து அவர் தோளைப் பிடிக்கிறார். அவர் தோளை உதறிவிட்டு நடக்கிறார். ஒரு கை வந்து கமெராவை மூடுகிறது. அதோடு முடிந்தது.

குடித்தவனா அது, திரு. குகநேசன்? பனியில் கறுப்பு ஐஸ் மேல் வெறுங்கையோடு நீங்கள் பதினாறு அடி நடந்து காட்டுங்கள் பார்ப்போம்.

எக்கார்ட் அதை மூன்று முறை போடச் சொன்னார். பிறகு சாப்பாட்டுப் பெட்டியைத் திறந்து ரொட்டிப் பாணைப் பிய்த்து எங்கள் இருவருக்கும் தந்தார். மிஸ் கோல்டர் சோதனை அறையில் தண்ணீர்கூடக் குடிக்க விடமாட்டார். அன்று அவர் கையுறையைக் கழற்றிவிட்டு அந்தப் பாணைச் சாப்பிட்டார்.

“அவள் பெயர் மோனிகா” என்று எக்கார்ட் சொன்னார். “நடிகை இல்லை. பக்கத்துக் கிராமத்துப் பிள்ளை. ஆறு முறை தண்ணீருக்குள் இறக்கினார்கள். முகம் இன்னும் சரியாக வரவில்லை, ஏழாவது முறையும் இறங்கவேண்டுமாம். நான் வான் வண்டியை எடுத்துக்கொண்டு அவளோடு ஆஸ்பத்திரிக்குப் போனேன். அடுத்த நாள் பத்திரிகையில் நான் குடித்திருந்தேன் என்று வந்தது.”

“நீங்கள் மறுத்து ஒன்றும் சொல்லவில்லையா?” என்று கேட்டேன்.

“மோனிகாவின் அப்பா வந்தார். தன் மகள் பெயர் பத்திரிகையில் வரவேண்டாம், தயவு செய்து என்றார். அவள் பெயர் இல்லாமல் அந்தக் கதையை எப்படிச் சொல்வது? விட்டுவிட்டேன். இரண்டு மாதம் தொலைபேசிக்குப் பக்கத்தில் இருந்து பார்த்தேன். ஒருவரும் எனக்கு அழைப்பு எடுக்கவில்லை. பிறகு அதன் மேல் சட்டை காயப்போடத் தொடங்கினேன்.”

இதைச் சொல்லிவிட்டு அவர் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை. அந்த எட்டு வருடத்துக்குள் அந்த இயக்குநரைப் பற்றிப் புத்தகம் எழுத ஒரு பேராசிரியர் எங்கள் நூலகத்துக்கு வந்திருந்தார். என் படிவங்களை ஒவ்வொன்றாகப் பார்த்தார். நாற்பது அடி என்ற இடத்தையும் பார்த்திருப்பார். அதில் என்ன என்று நான் ஒரு வரி எழுதியிருந்தால் அவர் உறையைத் திறந்திருப்பார். அவருடைய புத்தகத்திலும் எக்கார்ட் குடிகாரன்தான். அதில் என் பங்கு இருக்கிறது. அதை நான் மறைக்கவில்லை.

எக்கார்ட் மேல்மாடிக்குப் போனபிறகு மிஸ் கோல்டர் என் படிவத்தை எடுத்தார்.

“இதை நீ அன்று கண்டாயா?”

“பிலிமில் ஓரிரு கட்டம் கண்டேன்.”

“ஏன் எழுதவில்லை?”

“படிவத்தில் இடமில்லை, மிஸ் கோல்டர்.”

அவர் தாளை மேசையில் வைத்தார். “இந்தப் படிவத்தைத் தயாரித்தது நான்” என்றார்.

பிறகு பெட்டியோடு இருக்கும் அட்டையைத் திருப்பினார். சிவப்புப் பென்சிலை எடுக்கவில்லை, பேனையை எடுத்தார். நான் மேலே எழுதிய அத்தனையையும், கட்டம் கட்டமாக, ஒரு கூடுதல் சொல் இல்லாமல் அட்டையின் பின்பக்கம் எழுதினார். கையெழுத்து வைத்தார். என்னையும் வைக்கச் சொன்னார். எக்கார்ட்டைத் திரும்பக் கீழே கூப்பிட்டு, அவரையும் வைக்கச் சொன்னார். மோனிகாவின் பெயரை மட்டும் போடவில்லை. நானும் பல வருடம் அந்தப் பெயரை வெளியில் சொல்லவில்லை. மோனிகா இறந்துவிட்டதாக அவளுடைய தங்கைக்காரி எழுதியிருந்தாள் என்று எக்கார்ட் சொன்ன பிறகுதான், அவரிடம் கேட்டு இங்கே எழுதுகிறேன்.

அந்த அட்டை இன்றும் பெட்டியோடு இருக்கிறது. நூலகத்துக்கு எழுதிக் கேட்டால் யாரும் பார்க்கலாம். குகநேசன், இதைத்தான் உங்களுக்குச் சொன்னேன். பெட்டி இலக்கத்தை உங்கள் கொப்பியில் எழுதியும் தந்தேன். நீங்கள் போகவில்லை. நான் விசாரித்தேன். அந்தப் பெட்டியை அண்மையில் ஒருவரும் கேட்கவில்லை.

ஏன் இப்போது கத்துகிறேன் என்று வாசகர்கள் கேட்கலாம். ஐம்பது வருடத்துக்கு முந்திய கதைதானே, தமிழில் வந்த கட்டுரையை ஒரு ஜெர்மன்காரர் எங்கே வாசிக்கப்போகிறார் என்று கேட்கலாம். நானும் அப்படித்தான் நினைத்தேன்.

எக்கார்ட்டும் நானும் அன்றிலிருந்து பழக்கம். இடுப்பு முறிந்தபிறகு அவர் ஒஷாவாவில் ஒரு முதியோர் இல்லத்தில் இருக்கிறார். மாதத்தில் ஒரு ஞாயிறு போவேன். அவருடைய மகள் அனெற் ஒவ்வொரு ஞாயிறும் வருவாள். அவருக்கு ஒரு போத்தல் பியர் கொண்டுவருவாள். கிழமைக்கு ஒன்று. அதைக் குடிக்க அவருக்கு ஒரு மணித்தியாலம் எடுக்கும். அந்த இல்லத்தில் பராமரிக்கும் பிள்ளைகளில் பாதிப்பேர் தமிழ்ப்பிள்ளைகள். நல்ல பிள்ளைகள். தர்ஷினி என்று ஒருத்தி அவரைக் குளிக்க வார்ப்பவள். அவள் ஸ்காபரோவில் மரக்கறிக் கடையில் இந்த இதழை எடுத்திருக்கிறாள். படத்தைக் கண்டதும் துள்ளிக்கொண்டு அவரிடம் ஓடியிருக்கிறாள்.

நான் போன ஞாயிறு வாசலிலேயே என்னைப் பிடித்துக்கொண்டாள்.

“அன்ரி, எங்கட எக்கார்ட் அங்கிள் பேப்பரில வந்திட்டார், பாத்தனீங்களோ? நான் ஃபுல்லா வாசிச்சு இங்லிஷில சொன்னனான்.”

“என்ன சொன்னனி?”

“எல்லாம்தான். உவர் பெரிய ஹீரோவாம், பிறகு தண்ணியடிச்சுக் கெட்டுப் போனவராம். எனக்குக் கவலையாப் போச்சு அன்ரி. நான் சொன்னன், ‘இட்ஸ் ஓகே அங்கிள், எங்கட அப்பாவும் அப்பிடித்தான்’ எண்டு.”

“அவர் என்ன சொன்னவர்?”

“சுவர்ப்பக்கம் திரும்பிப் படுத்திட்டார்.” அவளுடைய முகம் மாறியது. “ஏன் அன்ரி? நான் பிழையாச் சொல்லிப்போட்டனோ?”

அவளில் பிழையில்லை. அச்சில் இருந்ததை வாசித்தாள். ஆனால் அது அத்தோடு நிற்கவில்லை. தர்ஷினி அக்கறையாக நேர்சிடம் சொல்லியிருக்கிறாள். நேர்ஸ் அவருடைய மருத்துவக் கோவையில் ‘குடிப்பழக்கம் இருந்தவர்’ என்று ஒரு வரி எழுதிவிட்டாள். அந்த வரியைப் பார்த்து டொக்டர் இடுப்புக்குக் கொடுத்த வலி மாத்திரையைப் பாதியாகக் குறைத்துவிட்டார். குடிப்பழக்கம் இருந்தவர்களுக்கு அந்த மாத்திரை ஆபத்தாம். ஞாயிற்றுக்கிழமைப் பியரும் நின்றுவிட்டது. அவர் எழும்பும்போது காதுக் கோளாறினால் தலை சுற்றும், பல வருடமாக அப்படித்தான். இப்போது அவர் தள்ளாடினால் பிள்ளைகள் ஒருவரை ஒருவர் பார்க்கிறார்கள்.

“ஹீரோ இண்டைக்கு எத்தனை போட்டது?” என்று ஒரு பிள்ளை அப்பிள் ஜூஸ் கோப்பையைக் காட்டிப் பகிடி விட்டதை என் காதால் கேட்டேன். தமிழில் சொன்னாள். அவருக்கு விளங்காது என்று நினைத்தாள். சிரிப்பு எந்தப் பாஷையிலும் விளங்கும்.

நானும் அனெற்றும் நேர்சிடம் போனோம். அப்பா குடிகாரன் இல்லை என்று அனெற் அழுதழுது சொன்னாள். நேர்ஸ் இளம்பெண், மரியாதையானவள்தான்.

“குடும்பத்தவர்கள் எப்போதும் இல்லை என்றுதான் சொல்வார்கள்” என்றாள். “பத்திரிகையிலேயே வந்திருக்கிறதாமே.”

அட்டையைப் பற்றி நான் சொன்னேன். அது ஒருநாள் நடந்ததைப் பற்றியதுதானே என்றாள். கடைசியில் அவள் சொன்னது இது: “எழுதியவரே அது பிழை என்று எழுதித் தந்தால் டொக்டரிடம் காட்டலாம். அந்த வரியை எடுக்க எனக்கு ஒரு காரணம் வேண்டும்.”

அன்றே உங்களுக்குத் தொலைபேசி எடுத்தேன், குகநேசன். நாம் கதைத்ததை இங்கே எழுதுகிறேன். பிழை இருந்தால் திருத்துங்கள்.

“அக்கா, நீங்கள் சும்மா உணர்ச்சிவசப்படுறியள்” என்றீர்கள்.

“நான் சொன்னதை ஏன் எழுதேல்லை?”

“இயக்குநர் பேட்டியில தெளிவாச் சொல்லியிருக்கிறார். அவர் உலகம் அறிஞ்ச கலைஞர். நீங்கள்...”

“நான் பிலிம் சுத்தின பொம்பிளை. சொல்லுங்கோ, ஏன் விழுங்கிறியள்?”

“அப்பிடி இல்லை அக்கா. வாசிக்கிற ஆளுக்கு ஒரு விழுந்த நடிகன்ர கதை வேணும். உச்சியில இருந்து விழுந்தவன், பிறகு தொழிற்சாலை. அதில ஒரு சோகம் இருக்கு. நீங்கள் சொல்லுறதில அவன் விழவே இல்லையே.”

“விழேல்லைத்தான். அதைத்தானே சொன்னனான்.”

“உது கட்டுரை அக்கா, கோர்ட் இல்லை. அந்தாள் தமிழே வாசியாது. ஆருக்கு என்ன நட்டம்?”

அப்போது நான் கோவையைப் பற்றிச் சொன்னேன். மாத்திரையைப் பற்றிச் சொன்னேன். “அது ஹோம்காரரின்ர பிழை, என்ர பிழை இல்லை” என்றீர்கள். வாற மாசம் கதைப்பம் என்று வைத்துவிட்டீர்கள். அதன்பிறகு என் இலக்கத்தைக் கண்டால் நீங்கள் எடுப்பதில்லை.

மாத்திரையைக் குறைத்தது நீங்கள் இல்லை, ஒப்புக்கொள்கிறேன். அங்கே என் பேச்சு எடுபடாது, அனெற்றின் பேச்சு எடுபடவில்லை. எடுபடக்கூடியது உங்கள் பேச்சு ஒன்றுதான்.

மறுபடி எக்கார்ட்டிடம் போனேன். எழுபத்தேழு வயது. வலியில் உதட்டைக் கடித்துக்கொண்டு படுத்திருந்தார். அவருக்குக் கோபம் இல்லை. அதுதான் எனக்குத் தாங்கவில்லை. அன்று பத்திரிகையில் வந்தபோது அவர் ஒரு பெண்பிள்ளையின் பெயரைக் காப்பாற்ற வாயை மூடினார். இப்போது வாயைத் திறந்தாலும் கேட்க ஆளில்லை. என் கையைப் பிடித்தார்.

“அந்தத் தமிழ் இதழை எத்தனை பேர் வாசிப்பார்கள்?” என்று கேட்டார்.

“கொஞ்சப் பேர்தான்” என்றேன்.

“சும்மா சொல்லாதே. கொஞ்சப் பேர் என்றால் என்னைக் குளிக்க வார்க்கும் பிள்ளை எப்படி வாசித்தாள்?”

நான் அவருடைய போர்வையை இழுத்துச் சரிசெய்தேன்.

“அமெரிக்காவிலோ ஜெர்மனியிலோ யார் என்ன நினைத்தாலும் எனக்குக் கவலை இல்லை, றெஜினா. ஆனால் இந்தப் பிள்ளைகள்தான் என்னைத் தூக்கி எழுப்புகிறார்கள். இவர்கள் கையில்தான் நான் சாகப்போகிறேன். இவர்களுக்குத் தெரியவேண்டும்.”

இவ்வளவுதான் அந்த மனிதர் கேட்பது. திரும்ப நடிக்கக் கேட்கவில்லை. தன்னைப் பற்றிப் புத்தகம் எழுதச் சொல்லவில்லை. தன் உடம்பைத் தொட்டுத் தூக்கும் பிள்ளைகள் தன்னைக் குடிகாரன் என்று நினைத்துக்கொண்டு தூக்கவேண்டாம் என்கிறார். அவர்கள் வாசிக்கும் பாஷையில் இது வரவேண்டும் என்கிறார்.

என் பக்கத்தை எழுதிவிட்டேன். இதழாசிரியர் ஒரு சொல்லும் வெட்டாமல் போடுவதாகச் சொன்னார். ஆனால் நான் எழுதியதை வைத்து நேர்ஸ் அந்த வரியை அழிக்கமாட்டாள். எழுதியவரே எழுதவேண்டும் என்றாள். எழுதியவர் நீங்கள்.

திரு. குகநேசன், முதலில் நூலகத்துக்குப் போங்கள். பெட்டியைக் கேளுங்கள். அட்டையைத் திருப்பிப் பாருங்கள். அந்த இருபத்தேழு வினாடியையும் பாருங்கள். அதன்பிறகும் அவர் குடித்திருந்தார் என்று உங்களுக்குத் தோன்றினால், எந்தக் கட்டத்தில் தோன்றுகிறது என்று எழுதுங்கள். தோன்றாவிட்டால், நான் எழுதியது பிழை, எக்கார்ட் லினமன் குடித்திருக்கவில்லை என்று எழுதுங்கள். எனக்குத் தனியாகத் தொலைபேசியில் சொல்லவேண்டாம். நான் எடுக்கமாட்டேன். அடுத்த இதழில், உங்கள் கட்டுரை வந்த அதே பக்கத்தில், அதே அளவு எழுத்தில், உங்கள் பெயரைப் போட்டு எழுதுங்கள். தர்ஷினி கடைக்குப் போய் எடுத்துவந்து அவருக்கு வாசித்துக் காட்டுவாள்.

அவருக்கு இன்று பாதி மாத்திரைதான் கொடுத்திருக்கிறார்கள். பதில் சொல்லுங்கள்.